ஒற்றை வைப்பர் பஸ்

வாடகைக்கு எடுத்த வீடியோ டெக்கைத் துவாயில் சுற்றி, பிள்ளையைத் தூக்குவது போல மடியில் வைத்துக்கொண்டு வீட்டுக்குக் கொண்டுவந்த காலம் நினைவிருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். மற்றவர்களுக்கு விளங்காது என்றில்லை. ஆனால் ஒரு படத்தின் கடைசி நான்கு நிமிடத்துக்காக ஒருத்தி முப்பத்தைந்து வருடம் ஏன் மினக்கெட்டாள் என்று அவர்கள் கேட்பார்கள். உங்களுக்கு அந்தக் கேள்வி வராது. மின்வெட்டில் முடிவு பறிபோன படம் ஒன்றையாவது நீங்களும் மனதில் வைத்திருப்பீர்கள்.

என்னுடைய படம் மின்வெட்டில் போகவில்லை. கெசட் முடிந்து போனது. அதோடு மாமாவுக்குக் கிடைக்கவிருந்த வேலையும் போனது. இரண்டுக்கும் நடுவில் என் கொப்பி இருந்தது.

அந்தக் கொப்பி இப்போதும் என்னிடம் இருக்கிறது. எண்பது பக்கம், ஒற்றைக் கோடு, மட்டையில் பெருக்கல் வாய்பாடு. முதல் பக்கத்தில் பதினொரு வயதுக் கையெழுத்தில் ‘பார்த்த படங்கள்’ என்று எழுதி அடிக்கோடு இட்டிருக்கிறேன். அன்றிலிருந்து நான் எழுதாமல் விட்ட நாட்கள் குறைவு. காப்புறுதி நிறுவனமொன்றில் கோப்புகளைப் பார்ப்பதுதான் என் உத்தியோகம். எது எந்தத் திகதியில் நடந்தது என்று வீட்டில் யாருக்குச் சந்தேகம் வந்தாலும் என்னிடம்தான் கேட்பார்கள். இதைப் பெருமையாகச் சொல்லித் திரிந்தவள்தான் நான்.

அப்போது நாங்கள் வெள்ளவத்தையில், கடற்கரைக்கு இறங்கும் ஒரு ஒழுங்கையில், மேல்மாடி வீட்டில் இருந்தோம். ஒழுங்கை முடியுமிடத்தில் தண்டவாளம், அதற்கப்பால் கடல். ரயில் போகும்போதெல்லாம் அலுமாரிக் கண்ணாடி கிலுகிலுக்கும். உப்புக்காற்றில் எதுவும் தப்பாது. சைக்கிள் மணி, கதவுப் பிணைச்சல், அப்பாவின் கத்தரிக்கோல், எல்லாவற்றிலும் மண்ணிறத் துரு. கீழ்வீட்டில் ஒரு முஸ்லிம் குடும்பம். அந்த வீட்டுக்காரரை நாங்கள் நானா என்று கூப்பிடுவோம். ஒழுங்கையில் சொந்தமாக டெக் வைத்திருந்த ஒரே மனிதர் அவர். அந்த டெக்கை வெள்ளிக்கிழமை தொழுகைக்குப் போகும்போது போடும் தன் நல்ல சட்டையைப் போலப் பாவித்தார். படம் போடுவதற்கு முன் கைக்குட்டையில் இரண்டு சொட்டு ஓடிக்கொலோன் விட்டு உள்ளே துடைப்பார். இன்றைக்கும் ஓடிக்கொலோன் மணத்தால் எனக்கு நினைவுக்கு வருவது நெற்றியில் அதைப் பூசும் காய்ச்சல் அல்ல, படம் தொடங்கப் போகிறது என்பதுதான்.

மாமா அம்மாவின் தம்பி. படகு எஞ்சின் திருத்தும் பயிற்சிக்கென்று யப்பானுக்குப் போய் இரண்டு வருடம் இருந்துவிட்டு அந்த வருடம் மாசியில் எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். பொத்தானை அமத்தினால் விரியும் குடை ஒன்று கொண்டுவந்தார். சோறு சமைக்கும் மின்சாரப் பானை ஒன்று கொண்டுவந்தார். அந்த நாட்டு மின்சாரத்துக்குச் செய்த பானை அது. அம்மா அரிசியைக் கழுவிப் போட்டு, எங்கள் சுவரில் செருகி, ‘டக்’ என்று ஒரு சத்தம் கேட்டதோடு அதன் கதை முடிந்தது. அப்பா பத்திரிகைக்குப் பின்னாலிருந்து, “ரெண்டு வருசம் எஞ்சின் படிச்ச ஆள்,” என்றார். அவ்வளவுதான் சொன்னார். மாமா அந்தப் பானையைத் தூக்கி எறியாமல் கட்டிலுக்குக் கீழே வைத்தார்.

மூன்றாவது பொருள், பெயர் ஒட்டாத ஒரு வீடியோ கெசட்.

தொலைக்காட்சியில் போன ஒரு படத்தை அங்கே பதிந்தது. தியேட்டரிலும் அதை இரண்டு தரம் பார்த்ததாக மாமா சொன்னார். தொடக்கமும் இல்லை, பெயரும் இல்லை. ஓடுகிற பஸ்ஸின் நடுவில்தான் கெசட் ஆரம்பமாகும். கடலோரமாக ஒரு சின்ன ஊர். மூடப்போகிற பாதையில் ஓடும் பஸ் ஒன்று. அதன் சாரதி தாயோடு தனியாக இருப்பவன். வீடே இல்லாத ஒரு தரிப்பில் ஒவ்வொரு நாளும் ஒரு பெண் ஏறுகிறாள். மடியில் துணியால் கட்டிய ஒரு மூட்டை. ஒரு தேங்காயை விடப் பெரிது, பூசணிக்காயை விடச் சிறிது. அதை அவள் கீழே வைப்பதே இல்லை. துணிக்குள் என்ன என்று சாரதி கேட்பதுமில்லை. ஆனால் படம் பார்க்கிற எல்லோருக்கும் அதுதான் கேள்வி.

நானாவின் வீட்டு விறாந்தை அறையில் முதல் முறை போட்டபோது படம் மேலிருந்து கீழாக உருண்டுகொண்டே இருந்தது. நானா தொலைக்காட்சிக்குப் பின்னால் குந்தியிருந்து ஏதோ ஒரு திருகாணியைத் திருப்பினார். அண்ணா பக்கத்தில் நின்று டோர்ச் பிடித்தான். அவனுக்கு அப்போது பதின்மூன்று. படம் ஒருவாறு நின்றது. சாம்பல் நிறத்தில், விளிம்புகள் நெளிய, மழை பெய்யாத இடத்திலும் மழை பெய்வது போல. நான் முன்னால் பாயில் இருந்து கொப்பியில் எழுதினேன்: ‘யப்பான் படம். கறுப்பு வெள்ளை.’

கீழே மொழிபெயர்ப்பு எழுத்துப் போடாத படம். மாமா பின்னால் கதிரையில் இருந்து தமிழில் சொல்லிக்கொண்டே வருவார். பெண்ணுக்குக் குரலை மெலிக்க மாட்டார், தாய்க்குக் குரலை நடுங்க வைக்க மாட்டார். செய்தி வாசிப்பது போலச் சொல்வார். நான் ஓடி ஓடி எழுதுவேன்.

“இந்தத் தரிப்பில வீடே இல்லை. எங்கயிருந்து வாறீங்கள்?”

“நடந்து வந்தனான்.”

பிறகு, இன்னொரு நாள், மழையில்: “மெதுவா ஓட்டினீங்களெண்டால் நான் இறங்கத் தேவையில்லை.”

அம்மா அந்த வசனத்துக்குக் கண்ணைத் துடைத்தாள். நானா, “இது சும்மா பஸ் படம் இல்ல போல தம்பி,” என்றார். வீட்டில் சாரதியின் தாய் அடுப்படியில் நின்று கத்துவாள்: “சோறு ஆறுது. பஸ்ஸிட்ட சொல்லிப்போட்டு வா.” அதற்கு எல்லோரும் சிரிப்போம். அந்த வருடம் முழுக்க எங்கள் வீட்டில் யாரும் சாப்பிடப் பிந்தினால் பஸ்ஸிட்ட சொல்லிப்போட்டு வா என்பதுதான் அழைப்பு.

ஒன்றரை மணித்தியாலம் ஓடும். கடைசித் தரிப்பில் பஸ் நிற்கும். பெண் எழும்புவாள். மூட்டையைப் பார்ப்பாள். கை முடிச்சுக்குப் போகும். அங்கே திரை புழுதியாகிவிடும். ‘கர்ர்’ என்று இரைச்சல். நானா ஓடிப்போய் நிறுத்துவார்.

முதல் நாள் அம்மா, “அதுக்குள்ள என்ன தம்பி இருந்தது?” என்று கேட்டாள்.

மாமா கொஞ்சம் யோசித்தார். “புருசன்ர அஸ்தி, அக்கா. கடலில கரைக்கக் கொண்டு போறா. அந்த ஊர்க் கடலில்தான் அவர் செத்தவர்.”

கொப்பியில் எழுதினேன். முடிவு: அஸ்தி.

இரண்டு கிழமை கழித்து நானாவின் பிள்ளைகளுக்கென்று திரும்பப் போட்டோம். அந்தச் சின்னதுகள் கேட்டபோது மாமா, “சின்ன ரேடியோப் பெட்டி. முடிச்சை அவிழ்த்த உடனே பாட்டுக் கேக்கும், பஸ்ஸில இருக்கிற எல்லாரும் பாடுவினம்,” என்றார். பிள்ளைகள் கைதட்டினார்கள். நான் கொப்பியைத் திருப்பிப் பார்த்தேன். அஸ்தி என்று இருந்தது. அதற்குக் கீழே ‘ரேடியோ’ என்று எழுதிக் கேள்விக்குறி போட்டேன். எனக்கு அன்று இரவு நித்திரை வரவில்லை என்று எழுதினால் மிகையாகிவிடும். எரிச்சல் வந்தது. ஒரு படத்துக்கு ஒரு முடிவுதான் இருக்க முடியும். இன்றைக்கும் எனக்கு அப்படித்தான்.

அந்த நாட்களில் எங்கள் வீட்டில் ஒரே கதை மாமாவுக்கு வேலை எடுப்பது. அப்பா கோட்டையில் ஒரு வர்த்தகக் கம்பனியில் இருந்தார். யப்பானிலிருந்து யந்திரங்கள் இறக்கும் இன்னொரு கம்பனியின் மனேஜர் அவருக்குப் பழக்கம். அங்கிருந்து வரும் பொறியியலாளர்களோடு கூடத் திரிந்து மொழிபெயர்க்க ஒரு ஆள் தேவை என்று அந்த மனேஜர் சொல்லியிருந்தார். அப்பா மாமாவைப் பற்றிச் சொன்னார். சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சந்தேகப்பட்டார்.

“எஞ்சின் கழுவப் போனவனுக்குப் பாசை என்னெண்டு வரும்? நான் அந்தாளிட்ட வாக்குக் குடுத்திட்டன். நாளைக்கு இவன் நாலு சொல்லுக்கு மேல தெரியாமல் முழிச்சால் என்ர முகம் என்னாகிறது?”

“அவன் படத்தை முழுக்கச் சொல்லுறான்தானே,” என்றாள் அம்மா.

“சொல்லுறான். சரியோ எண்டு உனக்குத் தெரியுமோ?”

எங்கள் வீட்டில் வேறு ஒருவருக்கும் யப்பானிய மொழி தெரியாது. அதனால்தான் அப்பா ஒரு ஏற்பாடு செய்தார். மனேஜரை ஒரு சனிக்கிழமை பின்னேரம் தேநீருக்கு அழைத்தார். மனேஜருக்கு யப்பானிய மொழி கொஞ்சம் காதில் விழுந்த பழக்கம் உண்டு. படத்தைப் போட்டு மாமாவைச் சொல்லவிடுவது, அவரே கேட்டு முடிவு செய்யட்டும்.

நானா டெக்கைத் துவாயில் சுற்றிப் படியேறிக் கொண்டுவந்தார். அம்மா கட்லட் பொரித்தாள். மாமா அப்பாவின் நீளக்கைச் சட்டை போட்டிருந்தார். மனேஜர் நல்ல மனிதர், மெல்லிய குரல். படம் தொடங்கியது. மாமா எப்போதும் போலச் செய்தி வாசித்தார். பத்து நிமிடத்தில் மனேஜர் தேநீர்க் கோப்பையை மறந்துவிட்டு முன்னுக்குச் சரிந்து இருந்தார். ‘மெதுவா ஓட்டினீங்களெண்டால்’ வந்தபோது, “வெரி குட், வெரி குட்,” என்றார். அப்பாவின் தோள் கொஞ்சம் இறங்கியது. வேலை கிடைத்துவிட்டது என்று அண்ணா என் காதுக்குள் சொன்னான்.

கடைசித் தரிப்பு. பெண் எழும்பினாள். கை முடிச்சுக்குப் போனது. புழுதி.

“அட,” என்றார் மனேஜர். “பிறகு என்ன நடந்தது? அதுக்குள்ள என்ன?”

மாமா சிரித்தார். “ஒண்டும் இல்லை சேர். வெறும் பெட்டி. அவ இவ்வளவு நாளும் வெறும் பெட்டியைத்தான் காவிக்கொண்டு திரிஞ்சிருக்கிறா.”

“ஆஹா,” என்றார் மனேஜர்.

நான் பாயில் இருந்து எழும்பினேன். நான் அப்படி எழும்பியதைப் பற்றி என் கொப்பியில் ஒன்றும் இல்லை, ஆனால் எனக்கு மறக்கவில்லை. நான் சொன்னது: “இல்லை மாமா. முதல் நாள் அஸ்தி எண்டு சொன்னனீங்கள். பிறகு ரேடியோ எண்டு சொன்னனீங்கள். இஞ்ச எழுதி வச்சிருக்கிறன்.” சொன்னதோடு நிற்கவில்லை. பக்கத்தைத் திருப்பித் திகதியோடு வாசித்தும் காட்டினேன்.

யாரும் கோபப்படவில்லை. மனேஜர் சிரித்து என் தலையைத் தடவினார். “நல்ல கெட்டிக்காரி,” என்றார். பிறகு அப்பாவைப் பார்த்து, “கற்பனை நல்லா இருக்கு,” என்றார். கோப்பையை மேசையில் வைத்த விதத்தில் எல்லாம் முடிந்துவிட்டது. கட்லட் இன்னும் இரண்டு மிஞ்சியிருந்தது.

அவர் போனதும் அப்பா மாமாவிடம் கேட்டார். “முடிவையே ஆளுக்கொண்டாச் சொல்லுறாய். அப்ப முழுப்படமும் நீ கட்டின கதைதானே?”

“இல்லை அத்தான்.”

“தியேட்டரில ரெண்டு தரம் பாத்தனான் எண்டாய். பாத்தவனுக்கு முடிவு தெரியாதோ?”

மாமா எழும்பினார். கெசட்டை டெக்கிலிருந்து எடுத்து நானாவிடம் கொடுத்தார். “வச்சுக்கொள்ளுங்கோ நானா.” சட்டையைக் கழற்றி மடித்து அப்பாவின் கட்டிலில் வைத்தார். அடுத்த கிழமை கொட்டாஞ்சேனையில் ஒரு அறை எடுத்துக்கொண்டு போனார். கட்டிலுக்குக் கீழே இருந்த பானையையும் கொண்டு போனார். எஞ்சின் உதிரிப்பாகம் விற்கும் கடை ஒன்றின் கவுண்டரில் நின்றார். பிறகு கல்யாணம், வத்தளையில் வீடு. எங்கள் வீட்டு நல்லது கெட்டதுக்கு வந்து போனார். அப்பாவோடு கிரிக்கெட் கதைத்தார். யப்பானைப் பற்றி ஒரு சொல் பேசவில்லை. அப்பா சாகும்வரை மாமாவை ‘கதைகாரன்’ என்றுதான் சொன்னார். அம்மா ஒரே ஒரு தரம், மீன் வெட்டிக்கொண்டிருந்தபோது என்னைப் பார்க்காமல், “நீ பேசாமல் இருந்திருக்கலாம் பிள்ளை,” என்றாள்.

கெசட்டை உப்புக்காற்று தின்றது. நானா அதைத் திறந்து காட்டியபோது நாடாவில் வெள்ளையாகப் பூஞ்சணம் பிடித்திருந்தது. ஓடிக்கொலோனாலும் துடைக்க முடியவில்லை.

என் தேடல் இணையம் வந்த பிறகுதான் ஒழுங்காகத் தொடங்கியது. மாமா கதை கட்டினாரா இல்லையா என்று தெரிய ஒரே வழி அந்தப் படத்தைக் கண்டுபிடிப்பது. என்னிடம் கொப்பி இருந்தது. நாற்பத்தொரு வசனம், மூன்று முடிவு. வேறென்ன வேண்டும் என்று நினைத்தேன். பழைய படங்களைப் பற்றி அறிந்தவர்கள் கூடுகிற இணையக் குழுமங்களில் எழுதினேன். ‘யப்பானியப் படம், கறுப்பு வெள்ளை, பஸ், மூட்டையோடு பெண்.’ அன்பான மனிதர்கள் பட்டியல் பட்டியலாக அனுப்பினார்கள். எல்லாம் கறுப்பு வெள்ளைப் படங்கள். ஒவ்வொன்றையும் தேடிப் பார்த்து, இல்லை என்று எழுதி, திகதி போட்டு மூடினேன். அப்படி இரண்டு கொப்பி நிறைந்தது. ஒரு கட்டத்தில் நான் இப்படியொரு படமே இல்லை என்ற முடிவுக்கு வந்தேன். அப்பா சொன்னது சரி, மாமா ஏதோ ஒரு படத்தின் மேல் வேறொரு படத்தைச் சொல்லியிருக்கிறார். அந்த முடிவு எனக்கு வசதியாகவும் இருந்தது. அப்படியென்றால் அன்றைக்கு நான் எழும்பி நின்றது பிழையாகாது.

போன வருடம் ஒரு ஞாயிற்றுக்கிழமை நுகேகொடையில் அண்ணா வீட்டில் இருந்தோம். அண்ணா எதையும் எழுதி வைக்காத மனிதன். தன் கல்யாண நாளையே என்னிடம் கேட்கிறவன். அவனுடைய காரின் வைப்பர் உடைந்திருந்தது. அதைக் கையில் வைத்துக்கொண்டு, “இந்த மழைக்கு மாமாட பஸ் மாதிரித்தான் ஓட வேணும்,” என்றான்.

“என்ன மாமாட பஸ்?”

“அதுதான் எடி, அந்தப் படம். பஸ்ஸுக்கு ஒரு வைப்பர்தானே. அதுவும் டிரைவர் பக்கத்தில இல்லை, மற்றப் பக்கம். மழை வந்தா அந்தாள் சரிஞ்சு சரிஞ்சு ஓட்டுவான். மஞ்சள் பஸ்.”

“கறுப்பு வெள்ளைப் படத்தில மஞ்சளை எங்க கண்டனீங்கள்?”

அண்ணா என்னைப் பரிதாபமாகப் பார்த்தான். “படம் கலர். எங்கட டெக்கில்தான் கலர் வரேல்லை. அது அந்த நாட்டு முறையில பதிஞ்ச கெசட். சோத்துப் பானை மாதிரித்தான், இஞ்ச ஒத்துவராது. நானா அப்பவே சொன்னவர், நான் டோர்ச் பிடிச்சுக்கொண்டு நிக்கேக்க. மஞ்சள் எண்டு மாமா சொன்னவர்.”

“ஏன் எனக்குச் சொல்லேல்லை?”

“நீ கேக்கேல்லையே. உன்னட்டத்தான் கொப்பி இருந்ததே.”

அவனோடு கோபித்துக்கொண்டு தேநீர் குடிக்காமல் வந்தேன். பஸ்ஸில் வரும்போது கோபம் அவன் மேல் இல்லை என்று தெரிந்தது. இருபது வருடமாகத் தேடியிருக்கிறேன். பக்கத்தில் இருந்து அதே படத்தைப் பார்த்தவனிடம் ஒரு தரம்கூடக் கேட்கவில்லை. நான் காதில் கேட்டதை எழுதியிருந்தேன். பார்த்ததை எழுதவில்லை. பார்த்ததில் எழுதியது ‘கறுப்பு வெள்ளை’ என்ற ஒன்றே ஒன்று, அதுவும் பிழை.

அன்று மாலையே குழுமத்தில் போட்டேன். ‘நிறப்படம். மஞ்சள் பஸ். ஒரே ஒரு வைப்பர், பிழையான பக்கத்தில்.’ அடுத்த நாள் காலை அலுவலகத்துக்கு வெளிக்கிட முன் பதில் வந்திருந்தது. ஒற்றை வைப்பர் பஸ்ஸா, எங்களில் இன்னொருவரா, வருக வருக என்று.

எண்பதுகளில் எடுத்து, சில ஊர்களில் ஓடி, பிறகு தொலைக்காட்சியில் போய் மறைந்த படம். தெரிந்தவர்கள் உலகம் முழுக்க ஒரு கல்யாண வீட்டுப் பந்திக்கும் காணாது. ஆனால் அந்தச் சிலரும் அதை விட்டபாடில்லை. பழைய கெசட்டிலிருந்து எடுத்த பிரதியைக் கைமாற்றி, ஆங்கிலத்தில் எழுத்துப் போட்டு வைத்திருக்கிறார்கள். ஒருவர் பஸ் இருக்கையின் அகலத்தை வைத்து மூட்டையின் விட்டத்தைக் கணக்கிட்டிருந்தார். இன்னொரு அம்மையார் அந்த முடிச்சைப் போடப் பழகிப் படம் பிடித்து அனுப்பியிருந்தார். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. என்னைப் போல ஒழுங்கான மனிதர்கள். நான் கேட்டேன், துணிக்குள் என்னதான் இருந்தது?

எல்லோரும் சிரித்தார்கள். பிரதியை அனுப்பினார்கள், பாருங்கள் என்று.

பார்த்தேன். கொப்பியைப் பக்கத்தில் வைத்து, வசனம் வசனமாக, பென்சிலால் சரி போட்டுக்கொண்டு பார்த்தேன். இந்தத் தரிப்பில் வீடே இல்லை. சரி. நடந்து வந்தேன். சரி. மெதுவாக ஓட்டினால் நான் இறங்கத் தேவையில்லை. சரி. சோறு ஆறுகிறது, பஸ்ஸிடம் சொல்லிவிட்டு வா. அதையாவது மாமா எங்களைச் சிரிக்க வைக்கச் சேர்த்திருப்பார் என்று நினைத்திருந்தேன். அதுவும் அப்படியே இருந்தது. நாற்பத்தொன்றில் முப்பத்தெட்டு சரி. ஒன்று, என் கையெழுத்தை எனக்கே வாசிக்க முடியவில்லை. மற்ற இரண்டிலும் மாமாவின் தமிழ்தான் அந்தக் காட்சிக்குப் பொருந்தியது.

அவருக்குப் பாசை தெரிந்திருந்தது. நன்றாகவே தெரிந்திருந்தது. அப்பாவிடம் போய்ச் சொல்ல முடியாது. மனேஜர் எங்கே என்று தெரியாது. மாமாவுக்கு எழுபது தாண்டிவிட்டது.

கடைசித் தரிப்பு வந்தது. இந்த முறை புழுதி இல்லை. பெண் மூட்டையைப் பார்க்கிறாள். கை முடிச்சுக்குப் போகிறது. முடிச்சைத் தடவுகிறது, அவ்வளவுதான். மூட்டையை இருக்கையில் வைத்துவிட்டு இறங்கிப் போகிறாள். சாரதி எழும்பி வந்து அதைத் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டு, மழையில், அந்த ஒற்றை வைப்பர் பக்கம் சரிந்து ஓட்டுகிறான். கடல். முடிவு.

அவிழ்க்கவே இல்லை.

குழுமத்துக்கு எழுதினேன், இது என்ன ஏமாற்று என்று. அதுதான் அழகு என்றார்கள். அவிழ்த்திருந்தால் நாங்கள் எப்போதோ மறந்திருப்போம் என்றார்கள். இவ்வளவு கவனமாக அளந்தவர்கள் விடை வேண்டாம் என்கிறார்கள். எனக்கு இன்னும் அவர்களை விளங்கவில்லை. ஆனாலும் கிழமைக்கு ஒரு தரம் போய் அவர்கள் சண்டை பிடிப்பதை வாசிக்கிறேன். ஏன் என்று கேட்காதீர்கள்.

அதற்கடுத்த சனிக்கிழமை மடிக்கணினியோடும் கொப்பியோடும் வத்தளைக்குப் போனேன். மன்னிப்பைத் தாளில் எழுதி மடித்துக் கைப்பையில் வைத்திருந்தேன். மாமா இடுப்பில் சாரத்தோடு முன் அறையில் இருந்து மின்விசிறி ஒன்றைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

“என்ன மருமகள், கோப்பெல்லாம் கொண்டு வந்திருக்கிறாய். காப்புறுதி விக்கவே?”

நான் மடிக்கணினியைத் திறந்து படத்தைப் போட்டேன். மஞ்சள் பஸ் வந்ததும் மாமாவின் கையிலிருந்த ஸ்க்ரூட்ரைவர் அப்படியே நின்றது. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார். கீழே ஆங்கில எழுத்து வருவதற்கு அரை நொடி முந்தியே அவருடைய உதடு அசைந்தது. பிறகு குரலும் வந்தது. அதே செய்தி வாசிக்கும் குரல். நான் திரையைப் பார்க்கவில்லை.

கடைசித் தரிப்புக்குக் கொஞ்சம் முன்னால் நான் நிறுத்தினேன். “மாமா, நான் அண்டைக்கு ஒரு பிழை செய்தனான்.”

“என்ன பிழை? மூண்டு முடிவு சொன்னனான்தானே. நீ சரியாத்தான் எழுதி வச்சிருந்தாய்.”

“நீங்கள் முடிவைப் பாக்கேல்லை.”

“எங்க பாக்கிறது? நான் பயிற்சிக்குப் போயிட்டன், விடுதியில மிசின் தன்பாட்டில பதிஞ்சது. வந்து பாத்தால் அதிலயே கெசட் முடிஞ்சுபோய்க் கிடக்குது.”

“அதை அப்பாவிட்டச் சொல்லியிருக்கலாமே.”

“தியேட்டரில ரெண்டு தரம் பாத்தனான் எண்டு அத்தானுக்கு முதலே விட்டாச்சு. அந்தப் புளுகை எடுக்கப் போனால் எல்லாம் புளுகாப் போகும்.” விசிறியின் இறக்கையை ஒரு தரம் சுற்றிவிட்டார். “எப்பிடியும் எல்லாம் புளுகாத்தான் போச்சு. சரி, போடு. என்னதான் நடந்தது எண்டு பாப்பம்.”

போட்டேன். மாமா முன்னுக்குச் சரிந்தார். உதடு தயாராக இருந்தது. பெண் முடிச்சைத் தடவினாள், இறங்கினாள். சாரதி மூட்டையைத் தூக்கினான். மழை, கடல்.

“இவ்வளவுதானா?”

“ஓம்.”

“ஒரு வசனம் கூட இல்லை.”

“இல்லை. கடைசி நாலு நிமிசமும் ஒருத்தரும் கதைக்கேல்லை.”

மாமா சிரிக்கத் தொடங்கினார். சத்தமில்லாமல், தோள் மட்டும் குலுங்க. “அப்ப பார். அந்த மனேஜர் கேக்கேக்க நான் பேசாமல் இருந்திருந்தால் அதுதான் சரியான மொழிபெயர்ப்பு.”

நான் கைப்பையில் இருந்த தாளைத் தொட்டேன். அதில் எழுதியிருந்த எதுவும் அந்த அறைக்குப் பொருந்தவில்லை. மாமா விசிறியை ஒரு பக்கம் தள்ளி வைத்தார். சாரத்தைச் சரிசெய்து, முதுகை நிமிர்த்தி, இரண்டு கையையும் முழங்காலில் வைத்துக்கொண்டு, எதிரில் இருந்த வெறும் கதிரையை, அதில் மனேஜர் இருப்பது போலப் பார்த்து இருந்தார்.

“கடைசியை இன்னொருக்காப் போடு.”

போட்டேன். பழக்கத்தில் கைக்கடிகாரத்தையும் பார்த்தேன். நான்கு நிமிடம், பத்து விநாடி. மாமா ஓரிடத்திலும் பிழை விடவில்லை.